டெண்டர் பெட்டி மூடின வழக்கும் எல்டி வெட்டின வழக்கும் ஒரே வழக்கில்ல

கொட்டாஞ்சேனையில சின்ன அளவில கொந்தராத்து எடுத்துச் செய்யிற ஒரு தம்பி ரெண்டு கேள்வி கேட்டிருக்கிறார். ரெண்டுமே எங்கட ஆக்கள் கனபேருக்கு நடக்கிறதால கொஞ்சம் நீட்டாவே எழுதுறன். முதலாவது, ஒரு அரச நிறுவனத்தின்ர கட்டிடத் திருத்த வேலைக்கு டெண்டர், பகல் 2 மணிக்கு மூடுறது, இவர் 1.50க்கு கேற்றடிக்குப் போயும் செக்யூரிட்டியில ஐடென்டிட்டி கார்ட் பதிஞ்சு லிஃப்டுக்கு நிண்டு மேல ஏறேக்க 2.05 ஆகிப்போச்சு, பெட்டி திறந்தாச்சு எண்டு கவரைத் திருப்பிக் கையில குடுத்து அனுப்பிட்டினம். இது நடந்து 19 நாள். ரெண்டாவது, வேற ஒரு இடத்தில முடிச்ச வடிகான் வேலை, 38 மில்லியன் கொந்தராத்து. சைட்டை 47 நாள் பிந்தித்தான் தந்தவை, வேலை 60 நாள் பிந்தி முடிஞ்சது, இப்ப கடைசி பில்லில 60 நாளுக்கும் எல்டி, அதாவது வேலை பிந்தினதுக்கு நாள்க்கணக்கில கழிக்கிற தண்டம், வெட்டி எழுதியிருக்கினம். நாளுக்கு 0.05 வீதம் எண்டா 19,000 ரூபா, 60 நாளுக்கு 11 லட்சத்து 40 ஆயிரம். "அண்ணை, ரெண்டையும் சேர்த்து ஒரு ரிட் போடேலாதோ" எண்டு கேக்கிறார், ரிட் எண்டது அரச நிறுவனத்தின்ர முடிவை எதிர்த்துக் கோர்ட்டில போடுற மனு.

நான் சட்டத்தரணி இல்ல. குவான்டிட்டி சேர்வேயரா (கட்டிட வேலையின்ர அளவும் செலவும் கணக்குப் பாக்கிற ஆள்) வேலை தொடங்கி 26 வருசமா டெண்டர் போடுறதும் கிளெய்ம் எழுதுறதும்தான் என்ர வேலை, கொழும்புக் கோர்ட்டுகள் இருக்கிற புதுக்கடைக்கு ஃபைல் காவிக்கொண்டு போய் சட்டத்தரணிமாருக்குப் பக்கத்தில நிண்டு கனக்கக் கண்டிருக்கிறன். அந்த அனுபவத்தில சொல்லுறன், இந்த ரெண்டு விசயத்துக்கும் கோர்ட் வேற, சட்டம் வேற, நாள்க்கணக்கும் வேற. ரெண்டுக்கும் பொதுவா ஒண்டே ஒண்டுதான் இருக்கு, எங்கட பக்கம் எவ்வளவு நியாயம் எண்டு பாக்க முதல் எண்டைக்கு எழுதினனீங்கள் எண்டதைத்தான் பாப்பினம். இதை விளங்காம நியாயம் இருந்தும் தோத்துப்போன ஆக்களை நான் கனபேரைக் கண்டிருக்கிறன், அதாலதான் இவ்வளவு அழுத்திச் சொல்லுறன்.

முதல்ல அந்த 2.05 விசயத்துக்கு வருவம். 2006ஆம் ஆண்டுப் பெறுகை (அரச கொள்வனவு) வழிகாட்டல் எண்டு ஒரு புத்தகம் இருக்கு, கன வருசமா அரச டெண்டர் எல்லாம் அதிலதான் ஓடினது. 2025 ஜனவரி 1இல இருந்து தேசிய பெறுகை ஆணைக்குழு புதிய வழிகாட்டலைக் கொண்டுவந்திருக்கு. அந்த ஆணைக்குழு 2015இல 19ஆவது திருத்தத்தில வந்து, 2020இல 20ஆவது திருத்தத்தோட இல்லாமப்போய், 2022இல 21ஆவது திருத்தத்தோட திரும்பி வந்தது. அதால உங்கட டெண்டர் எந்த வழிகாட்டலின்ர கீழ போட்டதெண்டு பத்திரத்தின்ர முன்பக்கங்களில தேடிப் பாருங்கோ, பழைய பந்தி இலக்கத்தைப் போட்டுக் கடிதம் எழுதினா அவைக்கு மறுமொழி எழுதுறது சுகமாப் போயிடும். பிந்தின விலைமனு விசயத்தில மட்டும் கதை பழசுதான்: மூடின உடன அந்த இடத்திலயே பெட்டியைத் திறந்து வந்திருக்கிற ஆக்களுக்கு முன்னால விலைகளைச் சத்தமா வாசிக்கவேணும், பிந்தி வந்த கவரைத் திறக்காமத் திருப்பிக் குடுக்கவேணும்.

இது அநியாயமாப் படும், ஆனா ஏன் இவ்வளவு இறுக்கம் எண்டு யோசிச்சுப் பாருங்கோ. 2 மணிக்கு விலை வாசிக்கத் தொடங்கிட்டினம், வாசலில ஒருத்தர் ரெண்டு கவர் வச்சுக்கொண்டு நிக்கிறார், உள்ளுக்கிருந்து ஒரு மெசேஜ் வருது, அதுக்கேத்த கவரைக் குடுக்கிறார். இதைத் தடுக்கத்தான் அந்த மணி. அஞ்சு நிமிசத்தை விட்டுக்குடுத்தா பிறகு அரை மணித்தியாலத்தை ஏன் விடேல்ல எண்டு அடுத்தவர் வழக்குப் போடுவார், அவர் போடுறதிலயும் ஞாயம் இருக்கும்.

அப்ப எல்லாம் முடிஞ்சுதோ எண்டா, அப்பிடியும் சொல்லேலாது. இங்கிலாந்தில ஒரு பழைய வழக்கு, டெண்டர் வேலை செய்யிற எல்லாரும் தெரிஞ்சிருக்கவேணும். பிளாக்பூல் நகரசபை தங்கட விமான நிலையத்தில இருந்து உல்லாசப் பறப்பு நடத்துற உரிமையை டெண்டருக்கு விட்டது, கடைசி நேரம் 1983 மார்ச் 17 பகல் 12 மணி. அங்கத்தைய ஏரோ கிளப் காலமை 11 மணிக்கே கவரை நகர மண்டபத்துக் கடிதப் பெட்டிக்குள்ள போட்டிட்டினம். 12 மணிக்கு அந்தப் பெட்டியை எடுத்திருக்கவேணும், எடுக்கேல்ல, பிறகு எடுத்துப்போட்டு "பிந்தி வந்தது" எண்டு சீல் குத்தி ஒதுக்கிப்போட்டினம். 1990இல மேன்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது என்னெண்டா, குறிச்ச நேரத்துக்குள்ள ஒழுங்கா வந்த விலைமனுவைப் பாக்கவேண்டிய கடமை டெண்டர் கேட்ட ஆளுக்கு இருக்கு, அது ஒப்பந்தம் மாதிரியே கட்டுப்படுத்தும் எண்டு.

தம்பிக்கு இதில இருந்து என்ன எடுக்கலாம்? அந்தக் கிளப்பின்ர கவர் நேரத்துக்குப் பெட்டிக்குள்ள கிடந்தது, பிழை முழுக்கச் சபையின்ர பக்கம். உங்கட கவர் 2 மணிக்கு உங்கட கையிலதான் இருந்தது. செக்யூரிட்டியில நேரம் போகும் எண்டு கொழும்பில எந்த அரச கட்டிடத்துக்குப் போறவருக்கும் தெரியும், அதை யோசிச்சு வரவேண்டியது உங்கட பொறுப்பெண்டுதான் சொல்லுவினம், அது வலுவான மறுமொழி. உங்கட கேஸ் நிமிரவேணும் எண்டா வேற ஒண்டு வேணும். டெண்டர் பெட்டி கீழ்மாடியில எண்டு பத்திரத்தில போட்டுட்டு அண்டைக்குச் சொல்லாம மேல்மாடிக்கு மாத்தினவையோ? பெட்டியை 2 மணிக்கு முதலே எடுத்துட்டினமோ? எல்லாத்திலும் பெரிசு, உங்களைத் திருப்பின பிறகோ அதே நேரத்திலயோ வேற ஒருத்தரின்ர கவரை வாங்கினவையோ? இதில ஒண்டு இருந்தாலும் கதை மாறும், ஒருத்தருக்கு ஒரு விதி மற்றவருக்கு வேற விதி எண்டு வந்திட்டா அது அரசியலமைப்பின்ர 12(1), சமத்துவம்.

இதுக்கு ஆதாரம் எங்க இருக்கெண்டா கேற்றடியில. செக்யூரிட்டிப் புத்தகத்தில உங்கட பேரும் நேரமும் இருக்கும், உங்களுக்குப் பின்னால வந்த ஆக்களின்ரயும் இருக்கும். சீசீரீவி பதிவு கொஞ்ச நாளையில அழிஞ்சுபோகும். டெண்டர் திறந்த அறிக்கையில யார் யாரின்ர விலை வாசிச்சது எண்டு கையெழுத்தோட இருக்கும். நீங்க திரும்பி வந்த அண்டைக்கே ஒரு பக்கக் கடிதம், இத்தனை மணிக்கு வந்தனான், இன்னார் திருப்பினவர், இந்தப் புத்தகத்தையும் கமெரா பதிவையும் பாதுகாத்து வையுங்கோ எண்டு எழுதிக் குடுத்துப் பிரதியில திகதி சீல் வாங்கியிருக்கவேணும். நீங்க 19 நாளா ஃபோனிலதான் கதைச்சிருக்கிறியள். இண்டைக்காவது எழுதுங்கோ. அதோட தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்ர கீழ (2016ஆம் ஆண்டு 12ஆம் இலக்கம்) திறந்த அறிக்கையையும் கேற்றுப் புத்தகத்தையும் கேட்டு இண்டைக்கே தகவல் அலுவலருக்கு விண்ணப்பம் போடுங்கோ. அவருக்கு முடிவு சொல்ல 14 வேலைநாள் இருக்கு, அதால அது வரும் வரை பாத்துக்கொண்டு இருக்கேலாது, ஏன் எண்டு இப்ப சொல்லுறன்.

அடிப்படை உரிமை மனுவுக்கு, அரசியலமைப்பின்ர 126(2) படி, ஒரே ஒரு மாதம்தான். உரிமை மீறின நாளில இருந்து ஒரு மாதத்துக்குள்ள உயர் நீதிமன்றத்தில போடவேணும். உங்களுக்கு 19 நாள் போயிட்டுது. எங்கட ஆக்கள் செய்யிற பிழை என்னெண்டா, முதல்ல செயலாளருக்கு ஒரு அப்பீல், பிறகு அமைச்சருக்கு ஒரு கடிதம், பிறகு தெரிஞ்ச எம்பி மூலமா ஒரு கோல், "பாத்துச் செய்யிறம்" எண்டு அவை மரியாதையாச் சொல்லச் சொல்ல அந்த மாதம் போயிடும். அப்பீல் போட்டனான் எண்டு சொன்னா மாதம் நிக்காது. மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின்ர (1996ஆம் ஆண்டு 21ஆம் இலக்கம்) 13ஆம் பிரிவில ஒரு வழி இருக்கு, ஒரு மாதத்துக்குள்ள ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு குடுத்து அங்க விசாரணை நடக்கிற காலத்தை இந்த மாதக் கணக்கில சேர்க்கிறேல்ல. ஆனா சும்மா ஒரு முறைப்பாட்டைப் போட்டுத் துண்டை வாங்கி வச்சிருந்தா காணாது, விசாரணை உண்மையா நடந்ததோ எண்டு உயர் நீதிமன்றம் கேக்கும், அதை நம்பி மாதத்தை விடாதேங்கோ.

மற்ற வழி ரிட், அதாவது எழுத்தாணை மனு, 140ஆம் உறுப்புரையின்ர கீழ மேன்முறையீட்டு நீதிமன்றத்தில. மாகாண சபையின்ர அதிகாரத்துக்குள்ள வாற விசயம் எண்டா மாகாண மேல் நீதிமன்றத்திலயும் போகலாம். ரிட்டுக்கு இத்தனை நாள் எண்டு சட்டத்தில எழுதேல்ல, அதைக் கேட்டுட்டு கனபேர் ஆறுதலாப் போவினம். எழுதாட்டியும் தாமதம் எண்டது அங்க பெரிய சொல்லு, டெண்டர் விசயத்தில ஒவ்வொரு கிழமையும் கணக்கு. மனுவோட சத்தியக்கடதாசி, மூலப்பத்திரங்கள் அல்லது உறுதிப்படுத்தின பிரதிகள் எல்லாம் சேர்த்துப் போடவேணும், ஃபோட்டோக் கொப்பியை இணைச்சு மனு தள்ளுபடியான சம்பவங்கள் இருக்கு. டெண்டர் கிடைச்ச கம்பனியையும் எதிர்மனுதாரராப் போடவேணும், அவையைக் கேக்காம அவையின்ர கொந்தராத்தைக் கோர்ட் வெட்டாது. பெறுகைக் குழுவில இருந்த ஆக்களையும் விடேலாது. இதையெல்லாம் சட்டத்தரணி பாப்பார், ஆனா பேர் விபரம் தேடிக் குடுக்கவேண்டியது நீங்கதான், அதுக்கே மூண்டு நாள் போகும்.

ஏன் இந்த அவசரம் எண்டதுக்கு இந்தியாவில 1979இல தீர்த்த ரமணா தயாராம் ஷெட்டி வழக்கைச் சொல்லவேணும். பம்பாய் சாந்தாகுரூஸ் விமான நிலையத்தில ஒரு ரெஸ்டோரண்டும் ரெண்டு ஸ்நாக் பாரும் நடத்துறதுக்கு டெண்டர், அஞ்சு வருச அனுபவமுள்ள ரெண்டாம் தரப் பதிவுபெற்ற ஹோட்டல்காரர் எண்டு தகுதி போட்டவை, அந்தத் தகுதி இல்லாத ஆளுக்குக் குடுத்திட்டினம். அரசு தான் போட்ட நிபந்தனையைத் தானே மீறேலாது எண்டு நீதியரசர் பகவதி எழுதின தீர்ப்பு பிறகு எவ்வளவோ வழக்குக்கு அடிப்படை. ஆனா எங்கட ஆக்களுக்குத் தெரியாத பாதி என்னெண்டா, சட்டம் முழுக்க மனுதாரர் பக்கம் எண்டு சொல்லிப்போட்டும் அவருக்கு நிவாரணம் குடுக்கேல்ல. டெண்டர் குடுத்து அஞ்சு மாதத்துக்கு மேல கழிச்சு வந்திருக்கிறார், அதுக்குள்ள மற்றவர் காசு போட்டுக் கடையை நடத்தத் தொடங்கிட்டார், இனி எழுப்பினா அவருக்கு அநியாயம் எண்டு விட்டிட்டினம். அந்தத் தீர்ப்பை நான் முதல் முதல் முழுசா வாசிச்சபோது கடைசிப் பக்கங்களில நெஞ்சு கனத்துப்போச்சு, ஏனெண்டா அப்பிடி நான் வேலை செய்த இடத்திலயே ஒருக்கா நடந்தது. முழுத் தகுதியும் இருந்தும் கடிதம் மேல கடிதம் எழுதி நாலு மாதம் போக்கினம், கோர்ட்டுக்குப் போகேக்க அங்க அத்திவாரம் வெட்டியாச்சு.

ஆகவே டெண்டர் வழக்கில உண்மையான சண்டை இடைக்காலத் தடையுத்தரவுக்குத்தான். கையெழுத்தாகி முற்பணம் போறதுக்கு முதல் நிப்பாட்டினா வழக்குக்கு உயிர் இருக்கும். உயர் நீதிமன்றம் நிப்பாட்டாதெண்டு இல்ல, 2024 ஓகஸ்ட் 2ஆம் திகதி இ-விசா வேலையை வெளிநாட்டுக் கம்பனிகளுக்குக் குடுத்த ஏற்பாட்டை இடைநிறுத்தினது, அந்த உத்தரவை நடைமுறைப்படுத்தேல்ல எண்டு குடிவரவுக் கட்டுப்பாட்டாளர் நாயகத்தை அடுத்த மாதமே விளக்கமறியலில வச்சதும் எல்லாருக்கும் தெரியும். ஆனா ஆஸ்பத்திரிக்கு மருந்து, மழைக்கு முதல் முடிக்கவேண்டிய அணைக்கட்டு மாதிரி விசயம் எண்டா பொதுசனத்துக்கு வாற நட்டத்தையும் தராசில வைப்பினம். இன்னொண்டு, கோர்ட் திரும்ப இருந்து புள்ளி போடாது. என்ர விலைதான் குறைவு எண்டதை மட்டும் வச்சு வெல்லேலாது, நிபந்தனைகளுக்குப் பொருந்தின விலைமனுக்களுக்குள்ளதான் குறைஞ்சதைப் பாக்கிறது. வழிமுறையை மீறினவையோ, பாரபட்சம் இருந்ததோ, சொன்ன நிபந்தனையை நடுவில மாத்தினவையோ எண்டதுதான் அங்க கேள்வி.

இதோட சேர்ந்ததால ஒண்டைச் சொல்லிப்போட்டுப் போறன். மணிக்கூட்டால விழுறதை விடப் பத்திரத்திகதியால விழுற ஆக்கள் கூட. விலைமனு 91 நாள் செல்லுபடி எண்டு கேட்டு பிணைப்பத்திரம் அதுக்கு மேல 28 நாள் எண்டா 119 நாள் வரவேணும், பாங்கில 90ஐயும் 28ஐயும் கூட்டி 118 எண்டு அடிச்சுத் தந்திருப்பினம், ஒரு நாள் குறைஞ்சாலும் வெளியிலதான். 5 மில்லியனுக்கு மேற்பட்ட டெண்டருக்கு 1987ஆம் ஆண்டு 3ஆம் இலக்கப் பகிரங்க ஒப்பந்தங்கள் சட்டத்தில பதிஞ்சு பீசீஏ 3 படிவம் வைக்கவேணும், அது இல்லாம விழுந்ததுகளும் கனக்க. இதுக்கெல்லாம் எந்தக் கோர்ட்டுக்குப் போயும் வேலையில்ல.

இனி எல்டி. இதுதான் தம்பிக்கு உண்மையா காசு இருக்கிற இடம், இதைத்தான் அவர் ரெண்டாவதாப் போட்டிருக்கிறார். இங்க ரிட் வராது. கையெழுத்து வச்ச பிறகு உங்களுக்கும் அந்த நிறுவனத்துக்கும் இடையில இருக்கிறது கொந்தராத்து, அதில காசுப் பிரச்சினை வந்தா கொந்தராத்து என்ன வழி சொல்லுதோ அதால போகவேணும், மேன்முறையீட்டு நீதிமன்றம் வெறும் ஒப்பந்த உரிமைக்கு ரிட் குடுக்கிறேல்ல. அதால ரெண்டையும் சேர்த்து ஒண்டு எண்ட யோசனையை விடுங்கோ.

உங்கட புத்தகத்தை எடுத்து எந்த நிபந்தனை எண்டு பாருங்கோ. பெரிய வேலைகளுக்கு ஃபிடிக் (சர்வதேச எஞ்சினியர் சம்மேளனம்) போட்ட 1999 சிவப்புப் புத்தகம் அல்லது அதைத் தழுவி எங்கட அரச கட்டுமான நிறுவனம் போட்ட முந்தின இக்டாட், இப்பத்தைய சீடா ஆவணங்கள், சின்ன வேலைகளுக்குச் சுருக்கமானது, வாசகம் வித்தியாசப்படும். ஃபிடிக் 1999 எண்டு வச்சுச் சொல்லுறன். சைட்டை நேரத்துக்குத் தராட்டி 2.1ஆம் வாசகத்தின்ர கீழ கால நீடிப்பும் செலவும் லாபமும் கேக்கலாம், நல்ல உரிமை. ஆனா 20.1 எண்டு ஒண்டு இருக்கு. விசயம் தெரிஞ்ச நாளில இருந்து, அல்லது தெரிஞ்சிருக்கவேண்டிய நாளில இருந்து, 28 நாளுக்குள்ள எஞ்சினியருக்கு (கொந்தராத்தை நடத்த வேலை தந்தவர் நியமிச்ச ஆள்) எழுத்தில நோட்டீஸ் குடுக்கவேணும், குடுக்காட்டி நாளும் இல்ல காசும் இல்ல, வேலை தந்தவருக்குப் பொறுப்பே இல்ல எண்டு அப்பட்டமா எழுதியிருக்கு. 42 நாளுக்குள்ள விபரமான கிளெய்ம். 2017 பதிப்பில அந்த 42ஐ 84 ஆக்கியிருக்கினம், நோட்டீஸுக்கு அதே 28தான்.

2022இல இது எங்கட ஆக்களை எப்பிடி அடிச்சது எண்டு நான் கண்ணால கண்டனான். மார்ச்சில ரூபாயை மிதக்க விட்டதோட டொலர் 200இல இருந்து ரெண்டு மாதத்துக்குள்ள 360 பக்கம் போயிட்டுது, டீசல் இல்ல, சீமெந்து இல்ல, கம்பி இல்ல. "நாடே நிண்டுபோச்சு, எஞ்சினியருக்குத் தெரியாதே, இதுக்கும் ஒரு நோட்டீஸோ" எண்டு சொன்ன கொந்தராத்துக்காரர் எத்தினை பேர். எஞ்சினியரும் அவரோட சேர்ந்து பெற்றோல் கியூவில நிண்டவர்தான். ஆனா ரெண்டு வருசம் கழிச்சு வேற எஞ்சினியர், ஓடிற் கேள்வி, ஃபைலில கடிதம் இல்ல. ஃபைலில இல்லாததை ஒரு அரச அலுவலர் தன்ர கையெழுத்தில ஏற்கமாட்டார், அவரைக் குறைசொல்லவும் ஏலாது, பிறகு விசாரணை வந்தா அவர்தான் பதில் சொல்லவேணும்.

அப்ப தம்பி, உங்களிட்டக் கேக்கிறது: சைட் பிந்தினதைப் பற்றி அந்த நேரம் எழுத்தில என்ன இருக்கு? நீங்க கடிதம் எழுதேல்ல எண்டு விளங்குது. ஆனா தேடிப் பாருங்கோ. சைட் மீட்டிங் குறிப்பில "இன்னும் பாதை ஒப்படைக்கேல்ல" எண்டு ஒரு வரி இருக்கலாம், மாத முன்னேற்ற அறிக்கையில இருக்கலாம், திருத்தின வேலைத்திட்டம் அனுப்பேக்க கவர் லெட்டரில காரணம் எழுதியிருப்பியள். கிளெய்ம் எண்ட சொல்லு இல்லாட்டியும் நிகழ்வை விபரிச்சு எழுத்தில போன எதையும் நோட்டீஸ் எண்டு வாதாட இடமிருக்கு. வட்ஸ்அப் மட்டும்தான் எண்டா பலவீனம், கொந்தராத்தில தொடர்பாடல் எப்பிடி இருக்கவேணும் எண்டு சொல்லியிருக்கோ அதைப் பொறுத்தது, எண்டாலும் எறியாதேங்கோ.

28 நாள் எந்த நாளில தொடங்குது எண்டதிலயும் கதை இருக்கு. ஜிப்ரால்ட்டர் விமான நிலையத்துக்குக் கீழால போற வீதிச் சுரங்க வழக்கில, ஒப்ராஸ்கோன் எதிர் ஜிப்ரால்ட்டர், 2014இல இங்கிலாந்து நீதிபதி சொன்னவர், வேலை பிந்தப்போகுது எண்டு தெளிவானதில இருந்தோ அல்லது உண்மையா பிந்தத் தொடங்கினதில இருந்தோ கணக்கெடுக்கலாம் எண்டு. அதால முதல் நாளில இருந்துதான் 28 எண்டு அவை சொன்னா உடன ஒத்துக்கொள்ளாதேங்கோ.

இதை விடவும் பலமான ஒண்டை எங்கட ஆக்கள் பாவிக்கிறதே இல்ல. நோட்டீஸ் உங்களுக்கு மட்டுமில்ல, அவைக்கும் வேணும். ஃபிடிக் 1999இல எல்டி பற்றின 8.7ஆம் வாசகமே 2.5க்கு உட்பட்டது எண்டுதான் தொடங்குது. 2.5 சொல்லுறது, வேலை தந்தவர் தனக்குக் காசு வரவேணும் எண்டு நினைச்சா நோட்டீஸும் விபரமும் குடுக்கவேணும், பிறகு எஞ்சினியர் தீர்மானிக்கவேணும், அதுக்குப் பிறகுதான் வெட்டலாம். டுபேகோ தீவில ஒரு ஆஸ்பத்திரி கட்டின வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய் 2015இல தீர்ந்தது, ஒழுங்கா நோட்டீஸ் குடுக்காம வேலை தந்தவர் கழிக்கேலாது எண்டு தெளிவாச் சொல்லிச்சினம். இந்த வெளிநாட்டுத் தீர்ப்புகள் எங்கட நடுத்தீர்ப்பாளரை (கோர்ட்டுக்கு வெளியில பிணக்கைத் தீர்க்கிற ஆர்பிட்ரேட்டர்) கட்டுப்படுத்தாது, ஆனா அதே வாசகத்துக்குத் தந்த விளக்கம் எண்டதால மதிச்சுக் கேப்பினம். உங்களுக்கு அவை எல்டி நோட்டீஸ் எப்ப குடுத்தவை? கடைசி பில்லில திடீரெண்டு வெட்டினது எண்டா இதுதான் உங்கட முதல் வாதம். ரெண்டாவது வாதம், தானே 47 நாள் மறிச்சுப்போட்டு அந்த 47 நாளுக்கும் தண்டம் கேக்கிறது, ஒருத்தர் தன்ர பிழையில இருந்து தான் லாபம் எடுக்கேலாது எண்டது. நல்ல வாதம்தான், ஆனா 20.1 வாசகத்துக்கு முன்னால இதை மட்டும் நம்பி நிண்டா சறுக்கும், அதாலதான் ரெண்டாவதா வைக்கிறன். மிச்சம் 13 நாள் உங்கட பக்கத்துத் தாமதம் எண்டா அதை ஒத்துக்கொள்ளுங்கோ, 13 நாள் 2 லட்சத்து 47 ஆயிரம், சண்டை மிச்சம் 8 லட்சத்து 93 ஆயிரத்துக்கு. எல்லா 60ஐயும் மறுத்து நிக்கிறவரை விட இப்பிடிக் கணக்குப் பிரிச்சு வாறவரைத்தான் எஞ்சினியரும் நம்புவார், நடுத்தீர்ப்பாளரும் நம்புவார்.

போற வழி: எஞ்சினியரின்ர தீர்மானம், அது சரிவராட்டி அட்ஜுடிகேஷன் (நடுத்தீர்ப்புக்கு முதல் ஒரு நடுநிலை ஆள் முடிவு சொல்லுறது), அந்த முடிவு பிடிக்காட்டி 28 நாளுக்குள்ள அதிருப்தி நோட்டீஸ், இல்லாட்டி அந்த முடிவே இறுதி. பிறகு 1995ஆம் ஆண்டு 11ஆம் இலக்க நடுத்தீர்ப்புச் சட்டம். நடுத்தீர்ப்பு வாசகம் இருக்கிற கொந்தராத்துக்கு மாவட்ட நீதிமன்றத்துக்குப் போனா மற்றவர் ஆட்சேபிச்ச உடன 5ஆம் பிரிவில வழக்கு நிண்டுடும், ஒரு வருசம் வீண். தீர்ப்பு வந்தா அதை நீக்கக் கேக்க 60 நாள், அமுல்படுத்தக் கேக்க, தீர்ப்புத் திகதிக்குப் பிறகு 14 நாள் கழிஞ்சு ஒரு வருசம். வெண்டுபோட்டு அந்த ஒரு வருசத்தை விட்டவையும் இருக்கினம். நடுத்தீர்ப்பு வாசகமே இல்லாத கொந்தராத்து எண்டா மட்டும் சிவில் வழக்கு, திணைக்களம் எண்டா சட்டமா அதிபருக்கு ஒரு மாத முன்னறிவித்தல் குடுத்துத்தான் போடலாம், எழுத்து ஒப்பந்தத்துக்கு ஆறு வருசம் காலாவதி. எட்டரை, ஒம்பது லட்சத்துக்கு மூண்டு பேர் நடுத்தீர்ப்புச் சபை வைக்கிறது கட்டாது, ஒராள் நடுத்தீர்ப்பாளர் கேளுங்கோ, அல்லது அட்ஜுடிகேஷனோட முடிக்கப் பாருங்கோ.

இப்ப எல்லாத்திலும் அவசரமானது. கடைசி பில்லோட ஒரு தாள் வந்திருக்கும், இந்தத் தொகையோட என்ர எல்லாக் கோரிக்கையும் தீர்ந்தது எண்டு எழுதின டிஸ்சார்ஜ். ரிடென்ஷன் காசு (பில்லுகளில பிடிச்சு வச்ச காசு) வரவேணும் எண்ட அந்தரத்தில எல்லாரும் வாசிக்காமக் கையெழுத்து வைக்கிற தாள் அதுதான், மேல சொன்ன அவ்வளவு வாதமும் அந்த ஒரு கையெழுத்தோட போயிடும். இறுதிக் கணக்குக்குள்ள நீங்க கேக்கிற தொகையைப் போடாட்டியும் அதே கதி, பிறகு கேக்க இடமில்ல. நீங்க எழுதினதில இருந்து அந்தத் தாளில இன்னும் கையெழுத்து வைக்கேல்ல எண்டு நினைக்கிறன். வைக்காதேங்கோ. எல்டியை ஏற்கேல்ல, 47 நாளுக்கான கால நீடிப்பும் செலவும் இறுதிக் கணக்கில சேர்த்திருக்கு எண்டு எழுதி, வாசக இலக்கம் போட்டு, எஞ்சினியருக்கு ஒரு பிரதி நிறுவனத்துக்கு ஒரு பிரதி, கையில குடுத்துச் சீல் வாங்குங்கோ, அதே நாள் பதிவுத் தபாலிலயும் போட்டுத் துண்டை ஃபைலில ஒட்டுங்கோ.

டெண்டர் விசயத்துக்கு உங்களுக்கு இன்னும் 11 நாள் அளவில இருக்கு. அடுத்த ரெண்டு நாளுக்குள்ள கேற்றுப் புத்தகத்தைப் பற்றியோ மற்றவரின்ர கவரைப் பற்றியோ ஏதும் உறுதியாத் தெரிய வந்தா உடன ஒரு சட்டத்தரணியிட்டப் போங்கோ, ஒண்டும் வராட்டி அந்த வழக்குச் செலவை மிச்சம்பிடிச்சு எல்டிப் பக்கம் போடுங்கோ, என்ர கருத்து அதுதான். வாற புதன் பின்னேரம் வெள்ளவத்தையில நிப்பன், மீட்டிங் குறிப்பு எல்லாத்தையும், கையெழுத்து வைக்காத அந்தத் தாளையும், கொந்தராத்துப் புத்தகத்தையும் கொண்டு வாங்கோ, இருந்து திகதி வரிசையில அடுக்கிப் பாப்பம்.